படைப்பு நம்பிக்கையும் அண்டவியலும்: சேர்த்துக் கற்கத் தொடங்குவோருக்கு ஒரு வழிகாட்டி

ஞாயிறு பள்ளியில் ஆறு நாள் படைப்பைப் பாடமாகக் கேட்டு வளர்ந்த ஒருவர், பின்னாளில் அண்டத்தின் வயது ஏறத்தாழ 1380 கோடி ஆண்டுகள் என்றும் பூமியின் வயது ஏறத்தாழ 454 கோடி ஆண்டுகள் என்றும் படிக்கும்போது, இரண்டில் ஒன்றை விட்டுவிட வேண்டுமோ என்று கலங்குவது இயல்பு. சிலர் அறிவியல் புத்தகத்தை மூடிவைத்துவிடுகிறார்கள். சிலர் வேதாகமத்தை மூடிவைத்துவிடுகிறார்கள். இன்னும் பலர் ஞாயிற்றுக்கிழமை ஒன்றையும் மற்ற நாள்களில் வேறொன்றையும் நம்பி, அவை இரண்டும் தம் மனத்துக்குள் எதிரெதிரே வந்துவிடாதபடி பார்த்துக்கொள்கிறார்கள். இந்த மூன்றும் தேவையில்லை என்பது என் உறுதியான எண்ணம். பின்வரும் படிகளை அவசரமில்லாமல், படிக்கு ஓரிரு வாரம் எடுத்துக்கொண்டு செய்து பாருங்கள். ஒரு வேதாகமம், ஒரு நோட்டுப் புத்தகம், ஒரு பென்சில் இருந்தால் தொடங்கலாம்.

முதற்படி: நீங்கள் அறிக்கையிடுவது என்ன என்று எழுதிக்கொள்ளுங்கள்

சபையில் எழுந்து நின்று சொல்லும் விசுவாசப் பிரமாணத்தை நோட்டில் அப்படியே எழுதுங்கள். அப்போஸ்தலர் பிரமாணமானாலும் நிசேயா பிரமாணமானாலும், வானத்தையும் பூமியையும் படைத்தவர் கடவுள் என்பது அதில் இருக்கும். காணப்படுபவை காணப்படாதவை யாவற்றையும் படைத்தவர் அவரே என்று நிசேயா பிரமாணம் சேர்த்துச் சொல்லும். எத்தனை ஆண்டுகளுக்கு முன் என்பதும், எத்தனை மணி நேரத்தில் என்பதும் இரண்டிலும் இரா. திருச்சபை இந்தப் பிரமாணங்களைச் சொல்லிச் சொல்லித் திருத்திய நூற்றாண்டுகளில், உலகத்தின் வயதை அவற்றில் சேர்க்க யாரும் முனையவில்லை.

அப்படியானால் உலகத்தின் வயது ஆறாயிரம் ஆண்டுகள் என்று பலர் சொல்லும் கணக்கு எங்கிருந்து வந்தது? வேதாகம வம்சவரலாறுகளைக் கூட்டி இத்தகைய கணக்குப் போட்டவர்கள் பலர். அவர்களில் மிகவும் பெயர்பெற்றவர் அயர்லாந்துப் பேராயர் ஜேம்ஸ் அஷர். படைப்பு கி.மு. 4004இல் நிகழ்ந்தது என்று அவர் 1650இல் வெளியிட்டார். பிற்கால ஆங்கில வேதாகமங்கள் அவருடைய ஆண்டுகளைப் பக்க ஓரத்தில் அச்சிட்டதால், ஓரக்குறிப்பும் வேத வசனமும் மக்கள் மனத்தில் ஒன்றாகிப்போயின. அஷர் தம் காலத்துக்குச் சிறந்த அறிஞர். அவரை இகழ வேண்டியதில்லை. ஆனால் அவருடைய கணக்கு ஒரு கணக்கு மட்டுமே என்பதை நோட்டில் தனியாகக் குறித்துக்கொள்ளுங்கள்.

இந்த இடத்தில் சற்று நிற்க வேண்டும், ஏனென்றால் இனி வரும் எல்லாமே 'படைத்தார்' என்ற சொல்லை எப்படிப் புரிந்துகொள்கிறோம் என்பதைப் பொறுத்திருக்கிறது. தச்சர் நாற்காலி செய்வதைப் போலக் கடவுள் உலகத்தைச் செய்துவிட்டு அப்பால் போனார் என்றுதான் நம்மில் பலர் எண்ணிக்கொண்டிருக்கிறோம். தச்சர் இறந்த பிறகும் நாற்காலி இருக்கும். 13ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த இறையியலர் தாமஸ் அக்குவினாஸ் வேறோர் உவமையைக் காட்டினார்: சூரியன் ஒளிவீசும் வரையில்தான் காற்றில் வெளிச்சம் இருக்கும், ஒளி நின்றால் அந்தக் கணமே வெளிச்சமும் இல்லை. படைப்புக்கும் படைத்தவருக்கும் உள்ள உறவு அத்தகையது. 'எல்லாம் அவருக்குள் நிலைநிற்கிறது' என்று கொலோசெயர் நிருபம் சொல்வதும் இதையே. உலகத்துக்கு ஒரு தொடக்கம் இருந்தது என்பதை விசுவாசத்தால்தான் ஏற்கிறோமே தவிர, அதைத் தர்க்கத்தால் நிறுவ முடியாது என்றும், தொடக்கமே இல்லாத உலகம் ஒன்று இருந்தாலும் அதுவும் தன் இருப்புக்குக் கடவுளையே சார்ந்திருக்கும் என்றும் அக்குவினாஸ் வாதிட்டார். இதைப் பிடித்துக்கொண்டவருக்கு, நாளைக்கு எந்த ஆய்வகம் எந்த முடிவை வெளியிட்டாலும் தூக்கம் கெடாது.

இரண்டாம் படி: ஆதியாகமம் முதல் அதிகாரத்தைப் பென்சிலோடு வாசியுங்கள்

கத்தோலிக்க வாசகர்கள் தொடக்கநூல் என்று அழைக்கும் புத்தகத்தின் முதல் அதிகாரம் இது. உரை நூல் எதையும் திறக்காமல், வசனங்களை மட்டும் மெதுவாக மூன்று முறை வாசியுங்கள். பழைய தமிழ் மொழிபெயர்ப்பு கையில் இருந்தால் நல்லது. இரண்டாம் வசனத்தில் 'பூமியானது ஒழுங்கின்மையும் வெறுமையுமாய் இருந்தது' என்று வருகிறது. ஒழுங்கின்மை, வெறுமை என்ற இரண்டு சொற்களுக்கும் கீழே கோடிடுங்கள்.

இப்போது நோட்டில் இரண்டு பத்திகள் வரைந்து, இடப்பக்கம் முதல் மூன்று நாள்களையும் வலப்பக்கம் அடுத்த மூன்று நாள்களையும் எழுதுங்கள். முதல் நாள் ஒளியும் இருளும் பிரிகின்றன. அதற்கு நேரே நான்காம் நாள் சூரியனும் சந்திரனும் நட்சத்திரங்களும் வருகின்றன. இரண்டாம் நாள் ஆகாயவிரிவு மேலே உள்ள தண்ணீரையும் கீழே உள்ள தண்ணீரையும் பிரிக்கிறது. அதற்கு நேரே ஐந்தாம் நாள் பறவைகளும் நீர்வாழ் உயிர்களும் வருகின்றன. மூன்றாம் நாள் வெட்டாந்தரை தோன்றிப் பயிர்கள் முளைக்கின்றன. அதற்கு நேரே ஆறாம் நாள் நிலத்து மிருகங்களும் மனிதரும் வருகிறார்கள். இடப்பத்தி முழுவதும் பிரித்து ஒழுங்குபடுத்தும் வேலை, வலப்பத்தி முழுவதும் நிரப்பும் வேலை. கோடிட்ட இரண்டு சொற்களுக்கும் ஆறு நாள்கள் விடை சொல்கின்றன: ஒழுங்கின்மைக்கு மூன்று நாள், வெறுமைக்கு மூன்று நாள். இதை முதல்முறை என் கையால் எழுதிப் பார்த்த அன்று, இத்தனை ஆண்டுகளாக இந்த அதிகாரத்தை நாள்காட்டியாக மட்டுமே வாசித்துவந்தேனே என்று வருந்தினேன். எழுதியவர் நிகழ்ச்சிகளை வரிசையாகக் குறித்துவைக்க உட்காரவில்லை. ஒரு கோயிலை அளந்து கட்டுவதைப் போல வார்த்தைகளைக் கட்டியிருக்கிறார்.

மேலும் மூன்று இடங்களைக் குறியுங்கள். முதலாவது, சூரியன் நான்காம் நாளில்தான் வருகிறது. அப்படியானால் அதற்கு முந்தைய மூன்று நாள்களின் சாயங்காலமும் விடியற்காலமும் எவை? இது நவீன நாத்திகரின் கேள்வி அன்று. 3ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த திருச்சபை அறிஞர் ஓரிகன் இதைக் கேட்டு, அந்த நாள்களைச் சாதாரண நாள்களாகக் கொள்ள முடியாது என்று முடிவு செய்தார். இரண்டாவது, பதினாறாம் வசனம் சூரியன், சந்திரன் என்ற பெயர்களைச் சொல்லாமல் பெரிய சுடர், சிறிய சுடர் என்று மட்டும் சொல்கிறது. சுற்றியிருந்த நாட்டினர் அவற்றைத் தெய்வங்களாகத் தொழுத காலத்தில், அவை படைக்கப்பட்ட விளக்குகளே என்று இஸ்ரவேலர் தம் பிள்ளைகளுக்குக் கற்பித்ததன் துணிவு இந்தப் பெயரின்மையில் இருக்கிறது. மூன்றாவது, இரண்டாம் அதிகாரத்தின் வரிசையை முதல் அதிகாரத்தின் வரிசையோடு ஒப்பிடுங்கள்: முதலாவதில் பயிர்களும் மிருகங்களும் முந்தி வர, மனிதர் கடைசியில் வருகிறார்கள், இரண்டாவதிலோ நிலத்தில் பயிர் இல்லாதபோதே மனிதன் உருவாக்கப்படுகிறான். இரண்டையும் அருகருகே வைத்தவருக்கு இந்த வேற்றுமை தெரியாமல் இருந்திருக்காது. கால வரிசையைச் சொல்வது அவருடைய நோக்கமாக இருந்திருந்தால் இரண்டில் ஒன்றைத் திருத்தியிருப்பார்.

இப்படி வாசிப்பது அறிவியலுக்குப் பயந்து செய்யும் சமரசம் என்று யாராவது சொன்னால், பழைய திருச்சபையின் ஆயர் அகஸ்டினைச் சுட்டிக்காட்டுங்கள். தொலைநோக்கி கண்டுபிடிக்கப்படுவதற்கு ஆயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு முன், 5ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், ஆதியாகமத்துக்கு எழுதிய பெரிய உரையில் கடவுள் யாவற்றையும் ஒரே கணத்தில் படைத்தார் என்றும், பல உயிர்கள் விதைக்குள் மரம் இருப்பதுபோல அந்தப் படைப்பில் மறைந்திருந்து தத்தம் காலத்தில் வெளிப்பட்டன என்றும் அவர் கருதினார். வானத்தையும் நட்சத்திரங்களின் ஓட்டத்தையும் பற்றி நன்கறிந்த ஓர் அவிசுவாசியின் முன், வேதத்தின் பெயரால் ஒரு கிறிஸ்தவர் அவற்றைப் பற்றித் தவறாகப் பேசினால், உயிர்த்தெழுதலைப் பற்றி அதே வேதம் சொல்வதை அவர் எப்படி நம்புவார் என்று அந்த உரையிலேயே அவர் கடிந்து கேட்கிறார். சீர்திருத்தத் திருச்சபைத் தலைவர் கால்வினும் 1554இல் வெளிவந்த தம் ஆதியாகம உரையில், மோசே சாதாரண மக்களின் கண்ணுக்குத் தெரிவதை எழுதினார் என்றும், வானியல் கற்க விரும்புவோர் வேறிடம் போகட்டும் என்றும் சொல்கிறார்.

மூன்றாம் படி: அறிவியலை அதன் சொந்த ஆதாரங்களோடு கற்றுக்கொள்ளுங்கள்

அறிவியலைப் பற்றி மதப் பிரசங்கங்களில் கேட்டதை ஒதுக்கிவைத்து, வானியலர்கள் எதைப் பார்த்து எதைச் சொல்கிறார்கள் என்று நேரடியாகக் கற்க வேண்டும். 'அதெல்லாம் வெறும் தியரிதானே' என்ற பேச்சை முதலில் விடுங்கள். பேச்சு வழக்கில் தியரி என்றால் ஊகம். அறிவியலில் கோட்பாடு என்பது பல தனித்தனி ஆதாரங்களைச் சேர்த்து விளக்கி, சோதனைகளைத் தாங்கி நிற்கும் கட்டமைப்பு.

இருண்ட, நிலவில்லாத இரவு ஒன்றில், ஆண்ட்ரோமெடா என்னும் விண்மீன் மண்டலத்தை வெறுங்கண்ணால் தேடிப் பாருங்கள். மங்கிய பஞ்சுத் துணுக்குபோல் தெரியும். அந்த ஒளி அங்கிருந்து புறப்பட்டு ஏறத்தாழ 25 லட்சம் ஆண்டுகள் ஆகின்றன. ஒளியை வழியிலேயே படைத்துக் கடவுள் நமக்குக் காட்டியிருக்கலாமே என்று சிலர் சொல்வார்கள். அதற்கு 1987ஆம் ஆண்டு பிப்ரவரியில் கண்ட காட்சி ஒன்றே தக்க பதில். பெரிய மெகல்லன் மேகம் என்னும் சிறிய மண்டலத்தில், ஏறத்தாழ 1,68,000 ஒளியாண்டுத் தொலைவில், ஒரு விண்மீன் வெடித்துச் சிதறுவது தெரிந்தது. ஒளி தெரிவதற்குச் சில மணி நேரம் முன்பே, பூமியின் வெவ்வேறு இடங்களில் இருந்த உணர்கருவிகள் அந்த வெடிப்பிலிருந்து வந்த ஏறத்தாழ இரண்டு டஜன் நியூட்ரினோ துகள்களைப் பதிவு செய்திருந்தன. உலகத்தின் வயது ஆறாயிரம் ஆண்டுகள் மட்டுமே என்றால், அப்படி ஒரு விண்மீன் இருந்ததும் இல்லை, வெடித்ததும் இல்லை. நடக்காத ஒன்றின் படத்தையும் துகள்களையும் கடவுள் நம்மை நோக்கி அனுப்பினார் என்றாகிவிடும். சத்தியமுள்ளவர் என்று நாம் ஆராதிக்கும் கடவுளைப் பற்றி அப்படி எண்ண என் மனம் ஒப்பவில்லை.

அண்டம் வெப்பமும் அடர்த்தியுமான நிலையிலிருந்து விரிந்து வந்தது என்னும் பெருவெடிப்புக் கோட்பாட்டின் ஆதாரங்களில் இரண்டை முதலில் பிடித்துக்கொண்டால் போதும். தொலைவிலுள்ள விண்மீன் மண்டலங்கள் நம்மை விட்டு விலகிச் செல்கின்றன என்பதும், எவ்வளவு தொலைவோ அவ்வளவு வேகம் என்பதும் 1929இல் எட்வின் ஹபிள் வெளியிட்ட அளவீடுகளிலிருந்து தெளிவாயின. அடுத்தது, 1964இல் அமெரிக்காவின் நியூ ஜெர்சியில் ஆர்னோ பென்சியாஸ், ராபர்ட் வில்சன் ஆகிய இருவர் ஒரு பெரிய கொம்புவடிவ ஆண்டெனாவில் கேட்ட ஓயாத இரைச்சல். எந்தத் திசையில் திருப்பினாலும், பகலானாலும் இரவானாலும், அந்த இரைச்சல் குறையவில்லை. உள்ளே கூடுகட்டியிருந்த புறாக்களைப் பிடித்து வெளியேற்றி, எச்சத்தைத் துடைத்துச் சுத்தம் செய்த பிறகும் அது நிற்கவில்லை. அண்டம் தோன்றி ஏறத்தாழ 3,80,000 ஆண்டுகள் ஆனபோது விடுபட்ட ஒளி, இன்று 2.7 கெல்வின் அளவுக்குக் குளிர்ந்து நுண்ணலையாக வந்து சேர்வதே அந்த இரைச்சல் என்று பின்னர் தெரிந்தது. அதற்காக 1978இல் இருவருக்கும் நோபல் பரிசு கிடைத்தது.

எது எவ்வளவு உறுதி என்பதையும் சேர்த்தே எழுதிக்கொள்ளுங்கள். அண்டம் விரிகிறது, முற்காலத்தில் அது வெப்பமாகவும் அடர்த்தியாகவும் இருந்தது என்பவை உறுதியானவை. முதல் நொடியின் மிகமிகச் சிறிய தொடக்கப் பகுதியில் என்ன நடந்தது, அதற்கு 'முன்' என்று ஒன்று உண்டா என்பவை இன்றும் ஆய்வில் இருப்பவை.

நான்காம் படி: இரண்டு குறுக்கு வழிகளைத் தவிருங்கள்

முதலாவது குறுக்கு வழி மிகவும் கவர்ச்சியானது. நானும் ஒரு காலத்தில் அதில் நடந்தவன். வானங்களைக் கூடாரத்தைப் போல விரித்தார் என்று ஏசாயா சொல்வதை எடுத்து, அண்டம் விரிவதை வேதம் அன்றே சொல்லிவிட்டது என்று மகிழ்வது. 'வெளிச்சம் உண்டாகக்கடவது' என்பதே பெருவெடிப்பு என்று பிரசங்கிப்பது. இதைவிடப் பொருத்தமாக இருக்க முடியாது என்று தோன்றும். ஆனால் கோட்பாடு நாளை மாறினால் வசனமும் அதோடு விழும்.

இந்த ஆபத்தை வேறு எவரையும்விடத் தெளிவாகக் கண்டவர், விரியும் அண்டத்தை 1927இலேயே சமன்பாடுகளில் எழுதிய பெல்ஜிய நாட்டுக் கத்தோலிக்கக் குரு ஜார்ஜ் லெமேத்ர். அண்டம் ஓர் ஆதி அணுவிலிருந்து தொடங்கியது என்ற கருத்தை 1931இல் முன்வைத்தவரும் அவரே. 1951 நவம்பரில் போப் பன்னிரண்டாம் பயஸ், நவீன அறிவியல் ஆதியில் உண்டான ஒளிக்குச் சாட்சி கூறுகிறது என்ற பொருள்படப் பேசியபோது, பெருமைப்பட்டிருக்க வேண்டிய லெமேத்ர் கவலைப்பட்டார். தம் கோட்பாடு சமயக் கேள்விகளுக்கு முற்றிலும் வெளியே நிற்பது, அதை நம்பிக்கையுள்ளவரும் இல்லாதவரும் ஒரேபோல ஆராயலாம் என்பது அவருடைய நிலைப்பாடு. அடுத்த ஆண்டு ரோமில் கூடிய வானியலர்கள் முன் பேசியபோது போப் அந்த இணைப்பைத் திரும்பச் சொல்லவில்லை. பென்சியாசும் வில்சனும் கேட்ட இரைச்சலைப் பற்றிய செய்தி, 1966இல் லெமேத்ர் இறப்பதற்குச் சற்று முன் அவரை எட்டியது. தம் ஜெபத்தையும் தம் சமன்பாட்டையும் ஒன்றுக்கொன்று முட்டுக்கொடுக்க விடாமல் வாழ்நாள் முழுவதும் இரண்டையும் உண்மையோடு செய்த அவரைப் புதிதாகத் தொடங்குவோர் முன்னோடியாகக் கொள்ளலாம்.

இரண்டாவது குறுக்கு வழி, அறிவியலால் இன்னும் விளக்க முடியாத இடைவெளியில் கடவுளைக் கொண்டுபோய் வைப்பது. கோள்களின் பாதை காலப்போக்கில் குலைந்துவிடாமல் கடவுள் அவ்வப்போது திருத்த வேண்டியிருக்கும் என்று நியூட்டன் எண்ணினார். பின்வந்த கணித அறிஞர்களுக்கு அந்தத் திருத்தம் தேவைப்படவில்லை. நாசிச் சிறையில் இருந்தபோது ஜெர்மானிய இறையியலர் டீட்ரிக் போன்ஹோஃபர் 1944 மே மாதம் எழுதிய கடிதம் ஒன்றில், நாம் அறியாதவற்றில் அன்று, அறிந்தவற்றில் கடவுளைக் காண வேண்டும் என்று வற்புறுத்தினார். மழை எப்படிப் பெய்கிறது என்று முழுவதும் தெரிந்த பிறகும், மழை தந்தவருக்கு நன்றி சொல்கிறோம் அல்லவா? சங்கீதக்காரர் கடவுளே மழையை ஆயத்தப்படுத்துகிறார் என்று பாடியதற்கும், நீர் ஆவியாகி மேகமாகிறது என்பதற்கும் இடையில் யாரும் சண்டை மூட்டுவதில்லை. அண்டத்தின் வரலாற்றையும் அதே மனத்தோடு கற்கலாம்.

ஐந்தாம் படி: கடினமான கேள்விகளுக்கு ஒரு பக்கம் ஒதுக்குங்கள்

அண்டவியலைவிட மனிதத் தோற்றமே பலருக்கு உண்மையான தடை. பரிணாமத்துக்கான ஆதாரம் பல திசைகளிலிருந்து வருகிறது. ஒன்றை மட்டும் அருகில் பார்ப்போம். மரபணுக்களைத் தாங்கும் இழைகளான குரோமோசோம்கள் மனிதருக்கு 23 இணை; சிம்பன்சி, கொரில்லா போன்றவற்றுக்கு 24 இணை. நம்முடைய இரண்டாம் குரோமோசோமின் உட்பகுதியில், வழக்கமாக நுனிகளில் மட்டுமே காணப்படும் குறியீட்டு வரிசைகள் ஒன்றோடொன்று முட்டி நிற்கின்றன. செயலிழந்துபோன இன்னொரு மையப்பகுதியின் எச்சமும் அங்கே இருக்கிறது. இரண்டு குரோமோசோம்கள் ஒட்டி ஒன்றான தையல் தழும்பு அது.

'பூமியானது பிறப்பிக்கக்கடவது' என்று கட்டளையிட்டவர், பூமியைக்கொண்டே நெடுங்காலம் பிறப்பித்தார் என்று ஏற்பதில் எனக்குத் தடையில்லை. டார்வினை அமெரிக்காவில் முதலில் ஆதரித்துப் பேசிய தாவரவியலர் ஏசா கிரே ஜெபிக்கும் கிறிஸ்தவர். மனித உடலின் தோற்றம் பற்றிய ஆய்வுக்கு 1950இல் கத்தோலிக்கத் திருச்சபை இடம் கொடுத்தது. 1996இல் போப் இரண்டாம் ஜான் பால், பரிணாமத்தை வெறும் கருதுகோளுக்கு மேலானது என்றார்.

ஆனாலும் இரண்டு கேள்விகள் எளிதில் கரையமாட்டா. ஆதாமின் ஒரே மீறுதலால் பாவமும் மரணமும் வந்தன என்று ரோமர் நிருபத்தின் ஐந்தாம் அதிகாரம் சொல்வதை, மனித இனம் ஒருபோதும் இரண்டே பேராகச் சுருங்கியதாகத் தெரியவில்லை என்ற மரபணுவியல் கருத்தோடு எப்படிச் சேர்ப்பது? ஆதாம் மனித இனத்தின் பிரதிநிதியாக அழைக்கப்பட்ட ஒருவர் என்பார்கள் சிலர், எல்லா மனிதரின் கதையையும் தாங்கிய உருவம் என்பார்கள் சிலர், இரண்டிலும் ஏதோ ஒன்றை விட்டுக்கொடுக்க வேண்டியிருக்கிறது. மற்றது, மனிதர் தோன்றும் முன்பே கோடிக்கணக்கான ஆண்டுகள் உயிர்கள் வேட்டையாடப்பட்டும் நோயுற்றும் மடிந்தன என்பது. பாலசிங்கங்கள் கர்ஜித்துத் தேவனிடத்தில் இரை தேடுகின்றன என்று 104ஆம் சங்கீதம் கூசாமல் பாடுகிறது. ஏதேனிலும் சாகாமைக்கு ஜீவவிருட்சம் தேவைப்பட்டது என்பதால், மனிதரும் இயல்பிலேயே அழியாதவராக இருக்கவில்லை என்று வாசிக்க இடமுண்டு. இவை உதவுகின்றன, வலியை முழுவதும் தீர்ப்பதில்லை. யோபுக்கும் கடவுள் விளக்கம் தரவில்லை, 'நான் பூமியை அஸ்திபாரப்படுத்துகிறபோது நீ எங்கேயிருந்தாய்?' என்று கேட்டு அவனைப் படைப்பின் நடுவே அழைத்துச் சென்றார். இந்தப் பக்கத்தை அவசரமாக நிரப்பாமல், ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப வாசித்து, புதிதாகத் தெளிந்ததைத் தேதியோடு எழுதிவாருங்கள்.

ஆறாம் படி: வீட்டிலும் சபையிலும் பேசும் முறை

கற்ற உற்சாகத்தில் மூத்தவர்களைத் திருத்தப் புறப்பட வேண்டாம். ஆறு நாளை எழுத்தின்படி நம்பும் உங்கள் தாயாரும் நீங்களும் ஒரே பிரமாணத்தைத்தான் சொல்கிறீர்கள். கேட்டால் மட்டும், வரைந்த இரண்டு பத்திகளைக் காட்டுங்கள். வேதத்திலிருந்து தொடங்கும் பேச்சு காதில் ஏறும், குரோமோசோமிலிருந்து தொடங்கினால் கதவு சாத்தப்படும். பூலோகம் அசையாதபடி நிலைபெற்றிருக்கிறது என்ற 93ஆம் சங்கீதத்தை வாசித்துக்கொண்டே பூமி சூரியனைச் சுற்றுகிறது என்று நாம் அனைவரும் ஏற்றுக்கொண்டிருப்பதையும் நினைவூட்டலாம். 1633இல் கலிலியோவைத் தண்டித்தவர்களுக்கு அது எளிதாக இருக்கவில்லை.

பிள்ளைகள் கேட்கும்போது மட்டும் தாமதிக்காதீர்கள். டைனோசர்களைக் கடவுள் எந்த நாளில் படைத்தார் என்று ஏழு வயதுப் பிள்ளை கேட்டால், அவை 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் மறைந்துபோயின என்றும், அவற்றையும் படைத்தவர் கடவுளே என்றும், ஆறு நாள் பாட்டு அதையெல்லாம் செய்தவர் யார் என்று சொல்லித்தருகிற பாட்டு என்றும் ஒரே மூச்சில் சொல்லுங்கள். பிறகு நோட்டை எடுத்து, அந்தப் பிள்ளையின் கையில் பென்சிலைக் கொடுத்து, இரண்டு பத்திகளையும் வரையச் சொல்லுங்கள்.